தடை உத்தரவு மீறல்: வேண்டுமென்றே மீறினார் என்பதை நிரூபிப்பது எப்படி

உரிமையியல் நீதிமன்றத்தில் உறுத்துக்கட்டளை (இன்னதைச் செய்யாதே அல்லது செய் என்னும் உத்தரவு) பெற்றவருக்கு, எதிராளி ஒரு நாள் காலையில் வேலியைப் பிடுங்கிப் போட்டதும், அடுத்த வழக்கு தொடங்கிவிடுகிறது. உத்தரவு மீறப்பட்டது என்று காட்டினால் போதும், நீதிமன்றம் அவரைச் சிறைக்கு அனுப்பிவிடும் என்றுதான் பலரும் நினைக்கிறார்கள். மனு விசாரணைக்கு வரும்போதுதான் நீதிபதி கேட்கும் கேள்வி வேறு என்பது புரிகிறது. மீறல் நடந்ததா என்பதோடு அவர் நிறுத்துவதில்லை. உத்தரவு இன்னதென்று தெரிந்து, கீழ்ப்படிய வாய்ப்பும் இருந்து, அதன் பிறகும் எதிர்மனுதாரர் மனமறிந்து மீறினாரா என்று கேட்கிறார்.

மனத்தை யாரும் படம் பிடிக்க முடியாது. தேதிகளைப் பிடிக்க முடியும். உத்தரவு பிறந்த தேதி, அது எதிராளிக்குத் தெரிந்த தேதி, கீழ்ப்படிய அவருக்கு இருந்த அவகாசம், மீறல் நடந்த தேதி ஆகிய நான்கையும் ஆவணங்களால் ஒரு சங்கிலியாகக் கோத்துவிட்டால், ‘வேண்டுமென்றே’ என்பது அதிலிருந்தே வெளிப்படும். ஒரு கண்ணி அறுந்தாலும், மீறல் எவ்வளவு அப்பட்டமாக இருந்தாலும், மனு தள்ளுபடியாகலாம்.

எந்தப் பிரிவில் மனு போடுவது

வழக்கு நிலுவையில் இருக்கும்போது தரப்பட்ட இடைக்கால உத்தரவு மீறப்பட்டால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 39 விதி 2ஏ. அதன்படி மீறியவரின் சொத்தை ஜப்தி செய்யலாம். மூன்று மாதத்துக்கு மிகாமல் சிவில் சிறையிலும் வைக்கலாம். ஜப்தி செய்த பிறகுதான் சிறை என்ற நிபந்தனை இல்லை, நேரடியாகவே சிறைக்கு உத்தரவிடலாம் என்று சமீ கான் வழக்கில் (1998) உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியிருக்கிறது.

வழக்கு முடிந்து நிரந்தர உறுத்துக்கட்டளைத் தீர்ப்பாணை (வழக்கை முடிக்கும் இறுதி ஆணை) வந்துவிட்டால், வழி ஆணை 21 விதி 32-ன் கீழ் நிறைவேற்று மனு. இடைக்கால உத்தரவு இறுதித் தீர்ப்பாணையோடு கலந்துவிடும். அதற்குப் பின் நடந்த மீறலுக்கு 2ஏ மனு நிற்காது. கன்வர் சிங் சைனி வழக்கில் (2012) உச்ச நீதிமன்றம் இதைச் சொல்லியிருக்கிறது. தீர்ப்பாணை கையில் இருக்கும்போது நேரே நீதிமன்ற அவமதிப்பு மனுவுக்கு ஓடக்கூடாது என்பதும் அதே வழக்கின் பாடம். அவமதிப்பு மனுவுக்கு ஓராண்டுக் காலவரம்பு உண்டு. நிறைவேற்று வழி திறந்திருக்கும்போது உயர் நீதிமன்றம் பெரும்பாலும் அங்கேயே திருப்பி அனுப்பும்.

காலவரம்பில் ஒரு பள்ளம் இருக்கிறது. நிரந்தரத் தடையை நிறைவேற்றக் காலவரம்பு கிடையாது. காலவரம்புச் சட்டத்தின் 136ஆம் கூறு அதை விலக்கியிருக்கிறது. ஆனால் ‘சுவரை இடித்து அகற்ற வேண்டும்’ என்பது போன்ற செயலுறுத்துக் கட்டளைக்கு 135ஆம் கூறின்படி மூன்றே ஆண்டுகள். அந்த மூன்றாண்டு தீர்ப்பாணைத் தேதியிலிருந்து ஓடும். செய்து முடிக்க ஒரு தேதி குறிக்கப்பட்டிருந்தால் அந்தத் தேதியிலிருந்து ஓடும். ஒரே தீர்ப்பாணையில் இரண்டும் கலந்திருக்கும்போது, காலவரம்பே இல்லை என்ற நினைப்பில் இடிக்கும் பகுதியைக் கோட்டைவிடுவது அடிக்கடி நடக்கிறது. தீர்ப்பாணை கைக்கு வந்த அன்றே அதைப் படித்து, எந்த வரி தடை, எந்த வரி செயல் என்று பிரித்துக் குறித்துக்கொள்ளுங்கள்.

நிரூபண அளவு

சாதாரண சிவில் வழக்கில் இரு தரப்பில் எது அதிக நம்பகமானது என்று பார்ப்பார்கள். இங்கே அது போதாது. 2ஏ அதிகாரம் தண்டனைத் தன்மை கொண்டது, நிரூபிக்கும் சுமை கனமானது என்று இந்திய உணவுக் கழகம் எதிர் சுக்தேவ் பிரசாத் வழக்கில் (2009) உச்ச நீதிமன்றம் சொன்னது. யு.சி. சுரேந்திரநாத் வழக்கில் (2019), வெறும் மீறல் போதாது, அது வேண்டுமென்றே செய்யப்பட்டதாக இருக்க வேண்டும், குற்றப் பொறுப்பை ஒத்த குற்றச்சாட்டு என்பதால் நீதிமன்றம் திருப்தி அடையும்படி நிரூபிக்க வேண்டும் என்றது. ராம் கிஷன் எதிர் தருண் பஜாஜ் (2014) ‘வேண்டுமென்றே’ என்பதற்கு எல்லை வகுத்துத் தருகிறது: அறிந்து, கருதி, விளைவு தெரிந்து செய்த செயல் உள்ளே வரும், தற்செயல், கவனக்குறைவு, நல்லெண்ணத்தோடு செய்த தவறு ஆகியவை வெளியே நிற்கும்.

விதி 32-ன் வாசகத்திலேயே இரண்டு தேவைகள் எழுதப்பட்டிருக்கின்றன: தீர்ப்பாணைக்குக் கீழ்ப்படிய வாய்ப்பு இருந்திருக்க வேண்டும், இருந்தும் வேண்டுமென்றே தவறியிருக்க வேண்டும். 2025-ல் பூதேவ் மல்லிக் வழக்கில் நிறைவேற்று நீதிமன்றம் போட்ட கைது உத்தரவை உச்ச நீதிமன்றம் ரத்து செய்ததற்கு, இந்த இரண்டும் முறையாக ஆராயப்படாததே காரணம். நீதிபதிகள் இப்போது இந்த வழக்கை மனத்தில் வைத்துத்தான் கோப்பைப் புரட்டுவார்கள். நீங்களும் அப்படியே தயாராகுங்கள்.

முதல் கண்ணி: உத்தரவு தெளிவாகவும் உயிரோடும் இருக்க வேண்டும்

மீறல் மனு தோற்கும் காரணங்களில் பாதி, உத்தரவு வாங்கிய நாளிலேயே விதைக்கப்பட்டவை. ‘தபசில் சொத்தில் தலையிடக் கூடாது’ என்று உத்தரவு இருக்கும். தபசிலில் (சொத்து விவரப் பட்டியலில்) சர்வே எண் மட்டும் இருக்கும். அந்த எண்ணில் நான்கு உட்பிரிவுகள் இருக்கும். எதிராளி, ‘நான் என் உட்பிரிவில்தான் கல் நட்டேன்’ என்பார். அது பொய்யாக இருந்தாலும், எல்லையில் நியாயமான குழப்பம் இருப்பதாக நீதிபதிக்குத் தோன்றினால், ‘வேண்டுமென்றே’ அங்கேயே உதிர்ந்துவிடும்.

ஆகவே வழக்குரை (வழக்கைத் தொடங்கும் மனு) எழுதும்போதே நான்குமால் (நான்கு பக்க எல்லை), நீள அகலம், புலப்படத்தின் அளவுகள், வரைபடம் எல்லாம் தபசிலில் ஏற வேண்டும். பிழை கண்ணில் பட்டால், மீறல் நடக்கும் முன்பே திருத்த மனு போட்டுச் சரிசெய்யுங்கள். நிறைவேற்று நீதிமன்றம் தீர்ப்பாணைக்குப் பின்னால் போக முடியாது. அதில் இல்லாத அளவைப் பிற்பாடு கூட்டிப் படிக்கவும் அதனால் முடியாது.

‘தற்போதைய நிலை நீடிக்க வேண்டும்’ என்ற உத்தரவு கிடைத்தால் இன்னும் கவனம் தேவை. அன்றைய நிலை என்ன என்று பதிவாகாவிட்டால், பிறகு எது மாறியது என்று யாரும் நிரூபிக்க முடியாது. அதே வாரத்தில் ஆணை 26 விதி 9-ன் கீழ் வழக்கறிஞர் ஆணையர் (இடத்தைப் பார்த்து அறிக்கை தர நீதிமன்றம் நியமிக்கும் வழக்கறிஞர்) கேட்டு, அஸ்திவாரம் எத்தனை அடி உயரம் எழும்பியிருக்கிறது, வேலி எங்கே தொடங்கி எங்கே முடிகிறது, மரம் எத்தனை என்று அறிக்கையில் ஏற்றிவிடுங்கள்.

இடைக்கால உத்தரவு அடுத்த வாய்தா வரை என்று தரப்பட்டிருக்கும். அந்த வாய்தாவில் நீட்டிக்கப்பட்டதா? நீதிபதி விடுப்பில் இருந்து, வழக்கு வேறு நாளுக்குப் போய், நீட்டிப்பு குறிப்பேட்டில் ஏறாமல் விட்டிருக்கலாம். அந்த இடைவெளியில் நடந்த செயலை மீறல் என்று நிறுத்துவது மிகக் கடினம். ஒவ்வொரு வாய்தாவுக்கும் நீட்டிப்பு பதிவானதா என்று அன்றே பாருங்கள். மனுவோடு சேர்க்க, நீட்டிப்புகள் அடங்கிய சான்றிட்ட நகலுக்கு நகல் மனு போட்டு வாங்கிவையுங்கள். இணையத்தில் இறக்கிய பிரதி ஆதாரமாகப் போதாது.

இரண்டாம் கண்ணி: அவருக்குத் தெரியும் என்பது

அதிக உழைப்பு கேட்கும் இடம் இதுதான். எதிராளியின் முதல் தற்காப்பு எப்போதுமே ‘எனக்கு உத்தரவு பற்றித் தெரியாது’ என்பதாகவே இருக்கும்.

ஒருதலைப்பட்சமாக, அதாவது எதிராளியைக் கேட்காமலே, தடை கிடைத்திருந்தால், ஆணை 39 விதி 3 உங்கள் மேல் ஒரு கடமையை வைக்கிறது. மனு, பிரமாணப் பத்திரம், வழக்குரை, ஆவணங்கள் ஆகியவற்றின் நகல்களை எதிர்மனுதாரருக்கு உடனே நேரில் கொடுக்க வேண்டும், அல்லது பதிவு அஞ்சலில் அனுப்ப வேண்டும். அப்படிச் செய்ததாக, உத்தரவு கிடைத்த அன்றோ மறுநாளோ பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்ய வேண்டும். பலர் இதை ஒரு சடங்காக எண்ணி விட்டுவிடுகிறார்கள். உண்மையில் எதிராளியின் அறிவை நிரூபிக்க உங்களுக்குக் கிடைக்கும் முதல் ஆவணம் இதுதான். அதோடு உத்தரவின் நகலையும் சேர்த்து அனுப்பி, உறைக்குள் என்னென்ன தாள்கள் இருந்தன என்பதை முகப்புக் கடிதத்தில் எண் போட்டு எழுதுங்கள். இல்லாவிட்டால், ‘வெறும் உறைதான் வந்தது’ என்று பின்னால் சொல்ல இடம் கிடைக்கும்.

அஞ்சல் ரசீது, கையொப்பமிட்ட ஒப்புகை அல்லது ஒப்படைப்புச் சான்று, அஞ்சல் துறைத் தளத்தின் கண்காணிப்புப் பக்கம் மூன்றையும் அப்போதே எடுத்துவையுங்கள்; கண்காணிப்புப் பக்கம் சில மாதங்களில் மறைந்துவிடும். சரியான முகவரிக்குக் கட்டணம் செலுத்திப் பதிவு அஞ்சலில் அனுப்பியது சேர்ந்ததாகவே பொது உட்கூறுகள் சட்டத்தின் 27ஆம் பிரிவு அனுமானிக்கிறது. ‘வாங்க மறுத்தார்’ என்று திரும்பிய உறை உங்களுக்கு வலுவான ஆவணம். பிரிக்காமல் அப்படியே தாக்கல் செய்யுங்கள். ‘வீடு பூட்டியிருந்தது’ என்று திரும்பினால் அது பலவீனம். உடனே இன்னொரு வழியைத் தேடுங்கள்.

அந்த வழிகளில் சிறந்தது நீதிமன்றப் பணியாளர் மூலம் சார்வு, அதாவது உத்தரவை அவர் கையில் சேர்ப்பித்தல். எதிராளி கையொப்பமிட்ட அறிக்கை கோப்பிலேயே இருக்கும். அடுத்தது வழக்கறிஞர் அறிவிப்பு. வாட்ஸாப்பில் உத்தரவை அனுப்பலாம், நீல நிறக் குறி வரவும் செய்யலாம். ஆனால் அந்த எண் அவருடையதுதான் என்பதைத் தனியே நிரூபிக்க வேண்டும். துணை ஆதாரமாக வைத்துக்கொள்ளுங்கள். அதன்மேல் மட்டும் மனுவைக் கட்டாதீர்கள்.

எதிராளியின் வழக்கறிஞர் முன்னிலையில் உத்தரவு சொல்லப்பட்டிருந்தால், வக்காலத்துத் தேதியும் அன்றைய குறிப்பும் நல்ல ஆதாரம். என்றாலும் ஒருவரைச் சிறைக்கு அனுப்பும் மனுவில் நீதிபதிகள் அவருடைய சொந்த அறிவையே தேடுவார்கள். வழக்கறிஞருக்குத் தெரியும் என்பதோடு நிற்காமல், கட்சிக்காரருக்கும் ஒரு நகல் நேராகப் போகட்டும்.

எதிராளி தானே போட்ட தாள்களைக் கடைசி எழுத்து வரை படியுங்கள். தடையை நீக்கக் கோரி மனு போட்டிருந்தால், அதிலேயே ‘இந்தத் தேதியில் தடை உத்தரவு பிறப்பிக்கப்பட்டதை அறிந்து’ என்று எழுதியிருப்பார். மேல்முறையீட்டு மெமோவில், காவல் நிலையத்தில் கொடுத்த விளக்கத்தில், உங்கள் அறிவிப்புக்கான பதிலில் இத்தகைய ஒரு வரி கிடைத்துவிட்டால் இந்தக் கண்ணி முடிந்தது.

எதிர்மனுதாரர் ஐந்து பேர் என்றால் ஐந்து பேருக்கும் தனித்தனியாக இந்த ஆதாரம் வேண்டும். அண்ணனுக்கு வந்த ஒப்புகை அட்டையை வைத்துத் தம்பியைச் சிறைக்கு அனுப்ப முடியாது.

மூன்றாம் கண்ணி: கீழ்ப்படிய வாய்ப்பு

செய்யாதே என்ற தடைக்கு வாய்ப்பு எளிது. சும்மா இருந்தாலே கீழ்ப்படிந்ததாகிவிடும். உத்தரவு தெரிந்த மறு நிமிடத்திலிருந்து வாய்ப்பு இருக்கிறது.

அகற்று, திருப்பிக் கொடு, கட்டு என்ற கட்டளையில்தான் சிக்கல். தீர்ப்பாணை இரண்டு மாத அவகாசம் தந்திருந்தால், அது முடியும் முன் போட்ட மனு முதிராத மனு. அவகாசமே குறிக்கப்படாவிட்டால், நியாயமான காலம் கொடுத்ததாக நீங்கள் காட்ட வேண்டும். அதற்கு ஓர் அறிவிப்பு அனுப்புங்கள்: தீர்ப்பாணையின் எந்தப் பத்தி, எந்தச் சுவர், எத்தனை அடி, எந்தத் தேதிக்குள் என்று குறிப்பிட்டு, மிரட்டல் சொற்கள் இல்லாமல். இந்த அறிவிப்பு சட்டப்படி கட்டாயம் கிடையாது. ஆனால் அனுப்பிய பிறகும் அவர் அசையவில்லை என்றால், அந்த மௌனமே உங்களுக்குச் சாட்சி. இடிக்க வேண்டிய இடத்துக்குப் போகும் வழி உங்கள் கட்டுப்பாட்டில் இருந்தால், இன்ன நாளில் திறந்து வைக்கிறேன் என்றும் அதில் எழுதுங்கள். ‘மனுதாரரே உள்ளே விடவில்லை’ என்ற பதிலை அது முன்கூட்டியே அடைத்துவிடும்.

கண்ணெதிரே கட்டடம் எழும்பிக்கொண்டிருந்தால் அறிவிப்பு அனுப்பிக் காத்திருக்கக் கூடாது. அன்றே காவல் நிலையத்தில் மனு, மறுநாள் நீதிமன்றத்தில் அவசர மனு.

நான்காம் கண்ணி: இன்ன நாளில், இன்னார், இன்னது செய்தார்

‘எதிர்மனுதாரர்கள் அடிக்கடி தொந்தரவு செய்து வருகிறார்கள்’ என்ற வாக்கியத்தால் எந்தப் பயனும் இல்லை. தேதி, நேரம், செய்தவர், செய்த செயல், இடத்தின் அளவு ஆகிய ஐந்தும் இல்லாத குற்றச்சாட்டுக்கு எதிராளி பதில் சொல்லவே தேவையில்லை என்று நீதிமன்றம் கருதலாம்.

படம் எடுக்கும்போது அசையாத ஓர் அடையாளம் காட்சிக்குள் இருக்கட்டும்: மின்கம்பம், கிணறு, பக்கத்து வீட்டு மூலை. அதே கோணத்தில் முன்பு எடுத்த படம் இருந்தால் இரண்டையும் சேர்த்துத் தாருங்கள். காணொளியைத் தெருவிலிருந்து தொடங்கி, வெட்டாமல், சம்பவ இடம் வரை எடுங்கள். செயலைச் செய்பவரின் முகமும் செயலும் ஒரே காட்சியில் வருவது முக்கியம். இடிந்த சுவரின் படம் யார் இடித்தார் என்று சொல்லாது.

அந்தக் கோப்பை எடுத்த கைபேசியிலேயே அழிக்காமல் வையுங்கள். வாட்ஸாப்பில் அனுப்பித் திரும்ப இறக்கினால், எடுத்த நேரம் உள்ளிட்ட உள்விவரங்கள் போய்விடும். கைபேசியிலிருந்து வடத்தின் வழியே நேராகக் கணினிக்கு மாற்றி, ஹாஷ் மதிப்பைக் (கோப்பு மாறவில்லை என்று காட்டும் கணினிக் குறியீடு) கணக்கிட்டு எழுதி வையுங்கள். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாட்சிய அதினியத்தின் 63ஆம் பிரிவு, மின்னணு ஆவணத்துக்கு இரண்டு பகுதிகள் கொண்ட சான்றிதழ் கேட்கிறது: ‘ஏ’ பகுதியைத் தாக்கல் செய்பவரும், ‘பி’ பகுதியை நிபுணரும் நிரப்ப வேண்டும். இரண்டிலும் ஹாஷ் மதிப்பு இடம்பெறும். அதற்கான படிவம் சட்டத்தின் அட்டவணையிலேயே இருக்கிறது. பழைய சாட்சியச் சட்டத்தின் 65பி படிவத்தையே இன்னும் தட்டச்சு செய்து தருகிறவர்கள் உண்டு. அதை ஏற்காமல் திருப்பினால் படமும் சேர்ந்து போய்விடும்.

சம்பவத்தன்றே காவல் நிலையத்தில் மனு கொடுத்து மனு ரசீது வாங்குங்கள். ‘இது சிவில் விவகாரம்’ என்று சொல்லி அவர்கள் நடவடிக்கை எடுக்காமல் போகலாம். அதைப் பற்றிக் கவலை வேண்டாம். அந்த ரசீதில் உள்ள தேதிதான் உங்களுக்கு வேண்டும். மூன்று மாதம் கழித்து யோசித்துச் சொன்ன கதை என்ற குறுக்கு விசாரணைக் கேள்விக்கு அது பதில். உங்கள் மனுவில் உத்தரவு நகலை இணைத்து, இணைத்ததாகவும் எழுதுங்கள். எதிராளியை விசாரணைக்கு அழைத்து உத்தரவைக் காட்டினால், அவருக்குத் தெரியும் என்பதற்கு இன்னொரு சான்று சேரும்.

வழக்கறிஞர் ஆணையரை நிறைவேற்று மனுவிலும் கேட்கலாம். ஆணை 26 விதி 18ஏ அதற்கு வழி தருகிறது. யார் அனுபவத்தில் (கைவசத்தில்) சொத்து இருக்கிறது என்று ஆணையர் தீர்ப்புச் சொல்ல முடியாது, கேட்டால் மனு தள்ளுபடியாகும். இருக்கும் கட்டுமானத்தின் அளவு, புதிதா பழையதா என்பதற்கான தோற்றம், எல்லைக் கல்லிலிருந்து தூரம் ஆகியவற்றை நில அளவையர் உதவியோடு குறிக்கச் சொல்லுங்கள். ஈரச் சிமெண்ட், புதிதாகத் தோண்டிய மண், அடுக்கிய செங்கல் எல்லாம் சில நாளில் மறைந்துவிடும் என்பதால், இதில் நாள் தள்ளக் கூடாது.

பலரும் தொடாத ஓர் இடம் அரசு அலுவலகங்களில் உள்ள தேதிகள். எதிராளி கட்டட அனுமதிக்கு எப்போது விண்ணப்பித்தார்? மின் இணைப்புக்கு எப்போது பணம் கட்டினார்? ஊராட்சியில் வீட்டு வரி எப்போது போட்டார்? தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்டால் இவற்றில் பல கிடைக்கும். உத்தரவு கைக்கு வந்து இரண்டு வாரம் கழித்துக் கட்டட அனுமதிக்கு விண்ணப்பித்தார், அந்த விண்ணப்பத்தில் வழக்கு நிலுவையைச் சொல்லவில்லை என்பது வெளிவந்தால், கவனக்குறைவு என்ற வாதத்துக்கு இடமே இருக்காது. திட்டமிட்டுச் செய்தது என்று இதைவிடத் தெளிவாகச் சொல்லும் ஆவணம் அரிது.

செய்தவர் எதிராளியின் ஆட்கள் என்றால், அவர் சொல்லித்தான் செய்தார்கள் என்ற இணைப்பு வேண்டும். அவர் இடத்தில் நின்றது, கூலி கொடுத்தது, வண்டி அவர் பெயரில் இருப்பது போன்றவை. நிறுவனம் என்றால், விதி 32-ன் இரண்டாம் உள்விதிப்படி, நீதிமன்ற அனுமதியோடு இயக்குநர்களையோ முதன்மை அதிகாரிகளையோ சிறைக்கு அனுப்பலாம். எந்த அதிகாரி முடிவெடுத்தார் என்பதைப் பெயரோடு சொல்லுங்கள். தீர்ப்புக் கடனாளி (தீர்ப்பாணைக்குக் கட்டுப்பட வேண்டிய எதிராளி) இறந்துவிட்டால், சொத்தோடு ஒட்டிய உரிமை குறித்த தடை அவருடைய வாரிசுகள் மேலும் செல்லும் என்று பிரபாகர அடிகா வழக்கு (2017) சொல்கிறது. ஆனால் அப்பாவுக்குத் தெரிந்திருந்தது மகனுக்கும் தெரிந்ததாகிவிடாது. வாரிசுக்குத் தீர்ப்பாணை நகலை அனுப்பி, இரண்டாம் கண்ணியை மறுபடி முதலிலிருந்து கட்ட வேண்டும்.

பிரமாணப் பத்திரத்தின் மையப் பத்தி

மொத்த மனுவும் இந்த ஒரு பத்தியில் நிற்கிறது. இடைமனுவுக்கு (நிலுவையிலுள்ள வழக்குக்குள் போடும் மனு) ஏறத்தாழ இப்படி எழுதலாம். ‘ம.சா.ஆ.’ என்பது மனுதாரர் தரப்புச் சான்றாவணம்:

“இடைமனு எண் ___-ல் இந்த நீதிமன்றம் ___ தேதியில் பிறப்பித்த இடைக்காலத் தடை உத்தரவு 2ஆம் எதிர்மனுதாரருக்குப் பதிவு அஞ்சலில் ___ தேதியில் சார்வானது. அவர் கையொப்பமிட்ட ஒப்புகை ம.சா.ஆ. 3. அவர் ___ தேதியில் தாக்கல் செய்த எதிருரையின் 4ஆம் பத்தியில் உத்தரவை அறிந்ததாக ஒப்புக்கொண்டிருக்கிறார். உத்தரவு ___ தேதி வரை நீட்டிக்கப்பட்டு அமலில் இருந்தது. நீட்டிப்புக்கான சான்றிட்ட நகல் ம.சா.ஆ. 4. ___ தேதி காலை சுமார் 7 மணிக்கு 2ஆம் எதிர்மனுதாரர் நேரில் நின்று, இரண்டு ஆட்களைக் கொண்டு, தபசில் சொத்தின் வடக்கு எல்லையில் இருந்த 14 அடி நீளக் கம்பி வேலியை அகற்றினார். அதை நான் நேரில் பார்த்தேன். நான் உத்தரவைக் காட்டி நிறுத்தச் சொன்ன பிறகும் தொடர்ந்தார். அதன் காணொளி ம.சா.ஆ. 6.”

கடைசிக்கு முந்தைய வரியைக் கவனியுங்கள். உத்தரவைக் காட்டிய பிறகும் தொடர்ந்தது நடந்திருந்தால் அதைக் கட்டாயம் எழுதுங்கள், அதுவே ‘வேண்டுமென்றே’. நடக்காவிட்டால் எழுதாதீர்கள். குறுக்கு விசாரணையில் அந்த ஒரு பொய் உடைந்தால், உண்மையான மற்ற எல்லாமும் சந்தேகத்துக்குள்ளாகும். 1ஆம், 3ஆம் எதிர்மனுதாரர்கள் அங்கே இல்லை என்றால் அவர்களைச் சேர்க்காதீர்கள். குடும்பத்தையே இழுத்துப் போடும் மனுவை நீதிபதி பழிவாங்கலாகத்தான் பார்ப்பார்.

சாட்சிக் கூண்டில்

பிரமாணப் பத்திரத்தோடு வாதம் முடித்துவிட வேண்டாம். தண்டனை கேட்கும் மனுவில் சாட்சி ஏறி, ஆவணங்களைக் குறியீடு செய்து, குறுக்கு விசாரணைக்கு உட்பட்டால்தான் மேல் நீதிமன்றத்திலும் உத்தரவு நிற்கும். மனுதாரர் முதல் சாட்சி, நேரில் பார்த்த அக்கம்பக்கத்தவர் ஒருவர் இரண்டாம் சாட்சி. உறவினரல்லாதவர் கிடைத்தால் நல்லது. ஆணையரின் அறிக்கை ஆணை 26 விதி 10-ன்படி சாட்சியமாகும். ஆட்சேபம் இருந்தால் அவரையும் விசாரிக்கலாம்.

எதிராளி சொல்லக் கூடியவை அதிகமில்லை. உத்தரவுக்கு முன்பே கட்டியது என்றால், தேதியிட்ட பழைய படமும் ஆணையர் அறிக்கையும் பதில். எல்லையில் ஐயம் என்றால், தபசிலும் அளவையும் பதில். ஐயம் இருந்தவர் நீதிமன்றத்தில் விளக்கம் கேட்டு மனு போட்டிருக்கலாமே, ஏன் போடவில்லை என்று கேளுங்கள். உத்தரவே தவறு, நீதிமன்றத்துக்கு அதிகாரமே இல்லை என்றால், தய்யாபாய் பகசர்வாலா வழக்கு (1997) பதில்: அதிகாரமில்லை என்று பின்னால் முடிவானாலும், அமலில் இருந்த காலத்தில் மீறியதற்குத் தண்டனை உண்டு. மேல் நீதிமன்றம் அந்தத் தேதியில் நிறுத்தி வைத்திருந்தது என்று சொன்னால் அது உண்மையான தற்காப்பு. மனு போடும் முன்பே அதை நீங்கள் சரிபார்த்திருக்க வேண்டும்.

அவரைக் குறுக்கு விசாரணை செய்யும்போது ‘வேண்டுமென்றே மீறினீர்களா’ என்று கேட்காதீர்கள். இல்லை என்ற ஒரே சொல்லில் முடிந்துவிடும். சிறு கேள்விகளாகப் போங்கள்: இந்தக் கையொப்பம் உங்களுடையதா? இந்த முகவரியில்தான் குடியிருக்கிறீர்களா? எதிருரையைப் படித்துப் பார்த்துத்தான் கையொப்பமிட்டீர்களா? அன்றைக்கு ஊரில் இருந்தீர்களா? கொத்தனாருக்குக் கூலி யார் கொடுத்தது? ஒவ்வொன்றுக்கும் பதில் வந்த பிறகு, வாதத்தில் நீங்கள் அவற்றை வரிசைப்படுத்தினால் போதும்.

என்ன கேட்பது

சிறை ஒன்றை மட்டும் கேட்டு மனு போடுவது பெரிய பிழை. விதி 32-ன் ஐந்தாம் உள்விதியை மெதுவாகப் படியுங்கள். உறுத்துக்கட்டளை கீழ்ப்படியப்படாதபோது, செய்ய வேண்டியதைத் தீர்ப்பாணைதாரரோ (தீர்ப்பாணை பெற்றவர்) நீதிமன்றம் நியமிப்பவரோ செய்து, செலவைத் தீர்ப்புக் கடனாளியிடம் வசூலிக்கலாம் என்கிறது. முதல் உள்விதியில் உள்ள ‘வேண்டுமென்றே’ என்ற சொல் இங்கே இல்லை. 2002-ல் சேர்க்கப்பட்ட விளக்கம், இது தடைக் கட்டளைக்கும் பொருந்தும் என்று ஐயத்தைத் தீர்த்துவிட்டது. சிறைக்குப் போதாத ஆதாரமும் வேலியை மறுபடி போடப் போதுமானதாக இருக்கலாம். இடைக்கால உத்தரவு மீறப்பட்டிருந்தால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 151ஆம் பிரிவின் கீழ் பழைய நிலைக்கு மீட்க உத்தரவிடலாம் என்று செஞ்சுரி ஃப்ளவர் மில்ஸ் வழக்கில் (1975) சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு சொல்லியிருக்கிறது. காவல்துறைப் பாதுகாப்பும் இதே 151-ல் கேட்கலாம்.

ஆகவே மனுவில் வரிசையாகக் கேளுங்கள்: பழைய நிலைக்கு மீட்பு, காவல்துறை உதவி, ஜப்தி, சிறை. மீட்பையும் பாதுகாப்பையும் தனி மனுக்களாகப் போடுவது மேல். தண்டனை மனு சாட்சி விசாரணையில் மாதக்கணக்கில் நிற்கும்போது இவை முன்னே நகரும். ஜப்தி கேட்டால் சொத்து விவரத்தைத் தபசிலாக இணையுங்கள். அது மீறியவரின் பெயரில் இருக்க வேண்டும். மனைவி பெயரிலுள்ள வீட்டைக் காட்டிப் பயனில்லை. 2ஏ-யில் ஜப்தி ஓராண்டுக்கு மேல் நீடிக்காது. அதற்குப் பின்னும் மீறல் தொடர்ந்தால் சொத்தை விற்று, அந்தத் தொகையிலிருந்து உங்களுக்கு இழப்பீடு தர நீதிமன்றத்தால் முடியும். எனவே வேலிக் கம்பி, கல்தூண், கூலி ஆகியவற்றுக்கான ரசீதுகளையும் ஆவணமாகச் சேருங்கள்.

தீர்ப்பாணை கிடைத்து இரண்டு ஆண்டுகளுக்கு மேலாகிவிட்டிருந்தால், ஆணை 21 விதி 22-ன்படி எதிராளிக்கு முன்னறிவிப்பு போக வேண்டும். அதை விட்டுவிட்டு வாங்கிய உத்தரவு மேலே நிற்காது. 2ஏ உத்தரவுக்கு எதிராக ஆணை 43 விதி 1(ஆர்)-ன் கீழ் மேல்முறையீடு உண்டு. மனு தள்ளுபடியானால் அதே சம்பவத்தை மறுபடி மனுவாக்க முயலாமல், அந்த வழியைப் பயன்படுத்துங்கள். பிறகு புதிதாக ஒரு மீறல் நடந்தால் அது புதிய காரணம்: பழைய தீர்ப்பாணையின் மேலேயே புதிய நிறைவேற்று மனு போடலாம். முதல் மனுவில் எதிராளி தாக்கல் செய்த எதிருரையின் சான்றிட்ட நகலை அதில் முதல் ஆவணமாக வையுங்கள். உத்தரவு தெரியாது என்று இரண்டாம் முறை அவரால் சொல்ல முடியாது.